1984 பட்டாவுக்கு இப்போது வழக்கு

கேள்வி: யூ.டி.ஆர். (அரசின் நிலப் பதிவேடு புதுப்பிப்பு) கணக்கில் அப்பா பெயரில் ஏறிய ஒன்றரை ஏக்கர் நஞ்சையில் பாகம் கேட்டுப் பெரியப்பாவின் பேரன் வழக்குப் போட்டிருக்கிறார். தாத்தா காலத்துப் பாகப்பிரிவினைப் பத்திரம் பதிவாகவில்லை. கிஸ்து (நிலவரி) ரசீதுகள் அம்மாவின் தகரப்பெட்டியில் மஞ்சளேறிக் கிடக்கின்றன. மனம் கொதிக்கிறது.

பதில்: 12 ஆண்டு நிலத்தை அனுபவித்து வந்தாலே உரிமைக்குப் போதுமே? காலவரையறைச் சட்டம், அட்டவணையின் 65ஆவது உறுப்பு.

பதில்: அண்ணா, அது அந்நியருக்குச் சரி. பங்காளிகளில் ஒருவரது அனுபவம் பொதுவாக எல்லோருக்குமானதாகவே கருதப்படும். பட்டாவும் தனியே உரிமையாகாது. முத்திரைக் கட்டணக் குறையைத் தீர்த்துவிட்டால், தனித்தனியே அனுபவித்ததைக் காட்ட மட்டும் அந்தப் பத்திரம் உதவும். பெரியப்பா தம் பங்கை விற்றாரா? அந்தக் கிரயப் பத்திரத்தின் நான்கெல்லையில் உங்கள் அப்பா பெயர் இருந்தால் பாகம் முன்பே பிரிந்ததற்கு அதுதான் பலமான சாட்சி.

கேட்டவர்: ஆம், கிணற்றடிப் பங்கை விற்றார்! நாளையே வில்லங்கச் சான்றுக்கும் பத்திர நகலுக்கும் மனுப் போடுகிறேன்.