கலைச்சொல் உதவி: ‘ஸ்கிப்’, இன்றிரவுக்குள்

க. எழுதியது:
அன்பர்களே, மாணவர் நூல் ஒன்றுக்காக மைக் ஹே பற்றிய கட்டுரையைத் தமிழாக்குகிறேன். இன்றிரவு அனுப்பியாக வேண்டும். ஸ்காட்லாந்தின் கர்லிங் (பனிக்கட்டித் தளத்தில் கல்லை வழுக்கிவிடும் ஆட்டம்) ஆட்டக்காரர். அப்பா சக் ஹே 1967இல் உலகப் பட்டம் வென்ற அணியின் ஸ்கிப், அதாவது களத்தில் அணியை நடத்துபவர். மகன் ஆடி முடித்துப் பயிற்சியாளரானார்; 2002 சால்ட் லேக் சிட்டி குளிர்கால ஒலிம்பிக்கில் ரோனா மார்ட்டின் அணி தங்கம் வென்றபோது கூட இருந்தார். அப்புறம் நிர்வாகம்: 2014 சோச்சியிலும் 2018 பியோங்சாங்கிலும் பிரிட்டன் குழுவின் ‘செஃப் டி மிஷன்’, ஒலிம்பிக்குக்குப் போகும் நாட்டுக்குழு முழுவதற்கும் பொறுப்பானவர். அகராதிப்படி போனால் ஸ்கிப்பும் தலைவர், செஃப் டி மிஷனும் தலைவர், விளையாட்டுச் சங்கத்துக்கும் ஒரு தலைவர். ‘ஸ்கிப்’ என்றே விட்டுப் பார்த்தேன். என் பையன் படித்துவிட்டு, “எதை ஸ்கிப் பண்ணினார்?” என்கிறான்.

வே. எழுதியது:
ஸ்கிப் என்பது ஸ்கிப்பரின் குறுக்கம், டச்சுக் கப்பல்காரன். நமக்குச் சங்கச் சொல்லே இருக்கிறது: நீகான். அகநானூறு 255 பாருங்கள், மாடத்து விளக்கைக் குறிவைத்து நாவாயைச் செலுத்துகிறான். அவனுக்கே மீகாமன் என்றும் பெயர். ‘மீ’ என்றால் மேல்; மேலிருந்து காண்பவன் என்று நான் கொள்வேன். நீகான் என்ற சொல் நீரிலிருந்து வந்ததென்றாலும் கெடுதலில்லை, பனிக்கட்டியும் நீர்தானே!

ந. எழுதியது:
ஐயா, ஆட்டத்தைப் பார்த்திருக்கிறீர்களா? கிட்டத்தட்ட 20 கிலோ கருங்கல்லை ஒருவர் இந்த முனையிலிருந்து வழுக்கிவிடுகிறார். ஸ்கிப் அந்த முனை வட்டத்தில் துடைப்பத்தைக் குறியாகப் பிடித்து நிற்கிறார். கல்லுக்கு முன்னால் பனியைத் தேய்த்துக்கொண்டு வரும் இருவரைப் பார்த்துக் கத்துகிறார். உங்கள் பாட்டின்படியே அவர் நீகான் இல்லை, மாட விளக்கு.

வே. எழுதியது:
2002இல் சுவிட்சர்லாந்துடனான இறுதியாட்டத்தில் கடைசிக் கல்லை விட்டு 4-3 என வென்றது யார்? ஸ்கிப் ரோனா மார்ட்டின்தானே? விளக்கா கல் விடும்?

ந. எழுதியது:
அப்போது குறி பிடிக்கிற வேலை வைஸ்-ஸ்கிப் டெபி நாக்ஸுடையது. விளக்கு கைமாறும், அவ்வளவுதான்.

ப. எழுதியது:
இலங்கையில் கோச்சை நாங்கள் ‘பயிற்றுவிப்பாளர்’ என்போம். ‘பயிற்சியாளர்’ என்றால் பயிற்சி பெறுபவரோ என்று எனக்கு எப்போதும் தட்டும். அது கிடக்கட்டும். கர்லிங்கில் அந்த மனிதர் வெளியே உட்கார்ந்திருக்க வேண்டும்; டைம்-அவுட்டிலும் இடைவேளையிலும்தான் அணியோடு பேசலாம். களத்தில் முடிவெல்லாம் ஸ்கிப்புடையது. அதனால் தலைவர் என்ற சொல்லுக்கு உரிமை உள்ளவர் அவரே. மற்றவருக்குத்தான் வேறு சொல் தேட வேண்டும். நாட்டின் அத்தனை விளையாட்டுக்காரரையும் கூட்டிப்போய் மேய்த்துக் கொண்டுவருபவருக்குக் ‘குழுப் பொறுப்பாளர்’ போதாதா?

வே. எழுதியது:
கட்சியின் மாவட்டப் பொறுப்பாளர் மாதிரி இருக்கிறது. கல்வெட்டில் தண்டநாயகன் உண்டு.

ந. எழுதியது:
விளையாடத்தானே ஐயா போகிறார்கள், படையெடுக்கவா?

க. எழுதியது:
அனுப்பிவிட்டேன். ஸ்கிப் அணித்தலைவர், செஃப் டி மிஷன் நாட்டுக்குழுப் பொறுப்பாளர், கோச் ‘பயிற்றுநர்’, இரு கரைக்கும் பொதுவாக இருக்கட்டும். மூன்று பேர் சரி என்றோம், வே. ஐயா இல்லை என்கிறார். நீகானை அடிக்குறிப்பில் வைத்திருக்கிறேன், பதிப்பாசிரியர் வெட்டாமல் இருந்தால் பார்க்கலாம்.

வே. எழுதியது:
வைஸ்-ஸ்கிப்புக்கு என்ன போட்டீர்கள்? துணைத்தலைவரா? சங்கத்தில் ஏற்கெனவே ஒருவர் இருப்பாரே.