மறுமொழி: ஹான் ஆட்சிப் பிரிவுகளுக்குத் தமிழ்ச் சொல் – வளநாடா, மாவட்டமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

இழை நீண்டுகொண்டே போகிறது, சொல் முடிவாகவில்லை. சீன வரலாற்றுப் பாடத்தைத் தமிழில் எழுதும்போது, பழைய சீனத்தின் சின், ஹான் பேரரசுகளில் இருந்த 'ஜுன்', 'ஷியன்' என்ற ஆட்சிப் பிரிவுகளுக்கு என்ன சொல் போடுவது என்பதுதான் கேள்வி. ஜுன் பெரியது, ஷியன் அதற்குள் அடங்கியது. வந்த யோசனைகளை ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்கிறேன்.

> ஒலிபெயர்த்து அப்படியே விட்டுவிடலாமே?

விடலாம். ஆனால் "கி.மு. 221இல் நாடு 36 ஜுன்களாகப் பிரிக்கப்பட்டது" என்று படிக்கிற பிள்ளை காலண்டரைத்தான் நினைக்கும். ஷியனும் சியான் நகரமும் வேறு குழம்பும். ஹான் தலைநகர் சாங்ஆன் இருந்த இடம் இன்றைய சியான்தான் என்பதால் அந்தக் குழப்பம் பாடம் முழுக்கத் தொடரும்.

> ஆங்கிலத்தில் கமாண்டரி என்கிறார்கள். எனவே 'படைமாவட்டம்'.

இது வேண்டாம். கமாண்டரி என்பது ஐரோப்பியச் சிலுவைப்போர் வீரர் சங்கங்களின் நிலப்பிரிவுக்கு இருந்த பெயர், சீனத்துக்கு யாரோ இரவல் கொடுத்தது. ஜுன்னின் தலைவர் நிர்வாக அதிகாரி. படைக்குத் தனியாக ஒரு தளபதி இருந்தார். கி.பி. 30இல் குவாங்வு பேரரசர் உள்நாட்டு ஜுன்களில் அந்தத் தளபதி பதவியையே எடுத்துவிட்டார். அதற்கப்புறமும் ஜுன் ஜுன்னாகத்தான் இருந்தது.

> பழங்காலத்துக்குப் பழஞ்சொல்தான் பொருந்தும். ஜுன் = வளநாடு, ஷியன் = நாடு அல்லது கூற்றம்.

ஐயா, நீங்கள் சொன்னது காதுக்கு நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் சோழர் காலத்து 'நாடு' என்றதும் நாட்டார் வந்துவிடுகிறார்கள். அவர்கள் அந்த மண்ணிலேயே நிலமும் வேரும் உள்ளவர்கள், கூடி முடிவெடுப்பவர்கள். வளநாடு முதலாம் இராசராசன் ஏற்படுத்தியது, அரசனின் பட்டப்பெயரைச் சுமந்தது என்பது உண்மைதான். அதற்குள்ளும் நாடுகள்தானே இருந்தன. சின் அரசு உடைக்கப் பார்த்ததே இப்படி மண்ணோடு ஒட்டிய அதிகாரத்தைத்தான்.

கி.மு. 221இல் நடந்த விவாதத்தைப் பாருங்கள். தொலைவில் உள்ள யான், சி, சூ பகுதிகளுக்குப் பேரரசரின் மகன்களை அரசர்களாக அமர்த்தலாம் என்றார் அமைச்சர் வாங் வான். நீதி அமைச்சர் லி சி மறுத்தார்: முன்பு சோவ் அரசர்கள் உறவினர்களுக்குத்தான் நிலம் கொடுத்தார்கள், தலைமுறை போகப் போக அவர்களே பகைவர்களாகி அடித்துக்கொண்டார்கள் என்றார். பேரரசர் லி சி பக்கம் நின்றார். அப்படி வந்தவைதான் 36 ஜுன்கள். தலைவர், படைத் தளபதி, மேற்பார்வையாளர் என்று மூன்று பேரும் தலைநகரிலிருந்து அனுப்பப்பட்டவர்கள். பதவி மகனுக்குப் போகாது.

ஆகவே என் வாக்கு மாவட்டத்துக்கும் வட்டத்துக்கும். ஜுன் = மாவட்டம், ஷியன் = வட்டம். "இது நம் தாலுகா ஆபீஸ் மாதிரி இருக்கிறதே" என்று சிரிக்காதீர்கள், இருக்க வேண்டியதே அப்படித்தான். சம்பளம், பதவித் தரம், இடமாற்றம், ஆண்டுக் கணக்கு எல்லாம் அங்கே ஈராயிரம் ஆண்டுக்கு முன்பே வந்துவிட்டன. கல்வெட்டுச் சொல்லைவிட அரசாணைச் சொல்தான் அந்த உலகத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது.

அளவும் ஒத்துவருகிறது. கி.பி. 2ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் 1,22,33,062 குடும்பங்கள், 5,95,94,978 மக்கள். மேல்நிலைப் பிரிவுகள் 103, கீழ்நிலைப் பிரிவுகள் 1,587. சராசரி பார்த்தால் மேலே ஒன்றுக்கு ஐந்தே முக்கால் லட்சத்துக்குச் சற்று மேல், கீழே ஒன்றுக்கு முப்பத்தேழாயிரம் சொச்சம்.

சராசரியை விடுங்கள், ஒரு மாவட்டத்தையே பார்த்துவிடலாம். 1993இல் ஜியாங்சு மாநிலத்தில் யின்வான் என்ற இடத்தில் கி.மு. 10 வாக்கிலான ஒரு கல்லறையைத் தோண்டினார்கள். உள்ளே இருந்தவர் தோங்ஹாய் ஜுன் அலுவலகத்தில் வேலை பார்த்தவர். அவரோடு அலுவலகக் கணக்கையும் சேர்த்துப் புதைத்திருக்கிறார்கள்! சாண் நீள மரப்பலகையில் பொடி எழுத்து. 38 கீழ்ப்பிரிவுகள், 170 'ஷியாங்', 688 'திங்', 2,534 'லி' (இந்த மூன்றும் என்ன என்று கீழே சொல்கிறேன்), 2,66,290 குடும்பங்கள், 13,97,343 மக்கள். இத்தனைக்கும் அலுவலர் மொத்தம் 2,203 பேர். இதுபோன்ற கணக்கை ஆண்டுதோறும் எழுத்தர் ஒருவர் தலைநகருக்குத் தூக்கிக்கொண்டு போக வேண்டும். நம்மூர் ஜமாபந்தி நினைவுக்கு வந்தால் தப்பில்லை.

அதே கல்லறையில் வட்டங்களின் மேலதிகாரிகள் பெயர்ப்பட்டியலும் கிடைத்தது, ஒவ்வொருவரின் சொந்த ஊரோடு. எல்லோரும் வெளி மாவட்டத்துக்காரர்கள். சொந்த மாவட்டத்தில் பதவி கிடையாது என்ற விதி ஏட்டோடு நிற்கவில்லை. அவர்களுக்குக் கீழே எழுத்து வேலை பார்த்தவர்களோ உள்ளூர்க் குடும்பத்துப் பிள்ளைகள். வருகிறவர் போய்விடுவார், இவர்கள் இருப்பார்கள். பின்னாளில் பெருங்குடும்பங்கள் கை ஓங்கியதற்கு இந்த வாசலும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

இந்தப் பலகை இன்னொரு சொல்லையும் தீர்த்துவைக்கிறது. திங் என்பதற்குச் 'சிற்றூர்த் தொகுதி' என்று ஒருவர் எழுதியிருந்தார். பத்து திங் சேர்ந்தால் ஒரு ஷியாங் என்று ஹான் வரலாற்று நூலே சொல்வதால் வந்த வினை அது. தோங்ஹாயில் 170 ஷியாங்குக்கு 688 திங், அதாவது ஒன்றுக்கு நான்குதான். திங் நிலப்பிரிவு அல்ல, வழியோரக் காவல் நிலையம். திருடனைப் பிடிப்பார்கள், பயணம் வரும் அலுவலர்களுக்குத் தங்க இடம் கொடுப்பார்கள். இரண்டு வேலைக்கும் சேர்த்துத் தமிழில் ஒரே சொல் இருக்கிறது: சாவடி. தோங்ஹாய்ச் சாவடிகளில் 2,972 காவலாட்கள் இருந்தார்கள். ஹான் பேரரசை நிறுவிய லியு பாங் முதலில் இப்படி ஒரு சாவடித் தலைவர்தான். தண்டனைக் கைதிகளை வேலைக்கு ஓட்டிச் செல்லும்போது அவர்கள் வழியில் நழுவ, மிச்சமிருந்தவர்களையும் அவிழ்த்துவிட்டுத் தானும் தலைமறைவானார்.

ஷியாங்குக்குக் குறுவட்டம் போதும். லி சராசரியாக நூறு குடும்பம் கொண்டது. குடியிருப்பு என்றே எழுதலாம்.

ஜுன் தலைவருக்கு 'மாவட்ட ஆட்சியர்' என்றால் சைரன் வைத்த ஜீப் தெரிகிறது என்று ஓர் அம்மா எழுதியிருந்தார்கள். முன்னொட்டை எடுத்துவிட்டு 'ஆட்சியர்' மட்டும் போட்டால் ஜீப் போய்விடும். மூலத்தில் அவர்களை 'ஈராயிரம் ஷி' (ஷி ஒரு தானிய அளவு) என்று தரத்தின் பெயராலேயே சுட்டுவதும் உண்டு. ஷியைக் 'கலம்' ஆக்க வேண்டாம். ஷி ஏறக்குறைய 20 லிட்டர், நம் கலம் அதைவிட மிகப் பெரியது. மேலும் அது தரத்தின் பெயரே ஒழிய வாங்கிய சம்பளம் அல்ல. மாதம் 120 வீதம் ஆண்டுக்கு 1,440தான் கணக்கு.

இந்த ஆட்சியர்களை மேய்க்க வு பேரரசர் கி.மு. 106இல் பதின்மூன்று ஆய்வாளர்களை ஏற்படுத்தினார். அவர்கள் தரம் வெறும் 600 ஷி. சின்ன அதிகாரியை விட்டுப் பெரிய அதிகாரியைக் கண்காணிக்க வைத்த தந்திரம் இது. அவர்கள் சுற்றிவந்த பகுதிக்குச் 'சரகம்' என்பேன். காவல் துறையும் வனத்துறையும் அன்றாடம் புழங்கும் சொல். கி.பி. 188இல் இவர்களில் சிலருக்குப் படையும் ஆட்சியும் சேர்த்துக் கொடுத்த பிறகு சரகம் என்பது பொய்யாகிவிடும், அங்கிருந்து 'மாகாணம்' என்று மாற்றிக்கொள்ளலாம்.

மீதி இருப்பது 'குவோ', அரசர் ஒருவருக்குக் கொடுத்த மேல்நிலைப் பிரிவு. லியு பாங் கிழக்குப் பாதியை அரசர்களுக்குக் கொடுத்தார், சீக்கிரமே அவர்களில் ஏறக்குறைய எல்லோரும் அவர் குடும்பத்தாராகவே ஆனார்கள். லி சி பயந்தது கி.மு. 154இல் நடந்தது, ஏழு அரசர்கள் கலகம் செய்தார்கள். கி.மு. 145இல் அலுவலரை நியமிக்கும் உரிமை அவர்களிடமிருந்து போயிற்று. இதற்குக் 'கிளையரசு' எப்படி? கிளை என்றால் உறவும்தானே. மேலே சொன்ன 103இல் 83 மாவட்டம், 20 கிளையரசு.

பிரபுக்களுக்குக் கொடுத்த, ஷியன் அளவிலான நிலங்கள் கி.பி. 2இல் 241 இருந்தன. பிரபு வரியை வாங்குவார், ஆள்வது அரசு அனுப்பிய அதிகாரி. 'ஜாகீர்' சரிவராது, இந்தச் சீன நிலமோ தந்தைக்குப் பின் மகனுக்குப் போவது. 'வரியுரிமை வட்டம்' என்று இப்போதைக்குக் குறித்து வைத்திருக்கிறேன், கொஞ்சம் முரடாக இருக்கிறது. ஐயாவிடம் கல்வெட்டுச் சொல் ஏதாவது இருந்தால் இந்த இடத்துக்கு வாங்கிக்கொள்ளத் தயார்.