அன்ஸ்கார்: 'கடவுளின் ஈட்டி' என்பது சரியா?

வடகடல் எழுதியது:

வணக்கம். ஹாம்பர்கில் இருக்கிறேன். மனைவி ஜெர்மன்காரர். இன்னும் ஆறு வாரத்தில் பையன் பிறக்கப்போகிறான். தமிழ்ப் பெயர் முடிவாகிவிட்டது, அதில் சண்டை இல்லை. கூடவே வைக்கிற ஜெர்மன் பெயர்தான் இழுத்துக்கொண்டே போகிறது. தன் தாத்தாவின் பெயரை வைக்கவேண்டும் என்கிறாள் மனைவி: அன்ஸ்கார். இங்கேயே அபூர்வமான பெயர். அலுவலகத்தில் சொன்னேன், 'எங்கள் ஊர்ப் பாதிரியார் பெயராச்சே' என்று சிரித்தார்கள்.

பெயர்ப் புத்தகத்தில் 'கடவுளின் ஈட்டி' என்று பொருள் போட்டிருக்கிறது. அம்மாவிடம் போனில் சொன்னேன். முதலில் 'அன்சாரியா?' என்றார். ஈட்டி என்றதும், 'அப்போ நம்ம வேல்தானே, வைச்சிரு' என்று ஒரே போடாகப் போட்டுவிட்டார். எனக்குத்தான் உறுத்தல். இந்தப் பொருள் உண்மையா, புத்தகக்காரர்கள் ஒட்டவைத்ததா?

வேலடியான் எழுதியது:

அம்மா சொன்னதே சரி, தம்பி. இதில் உறுத்த என்ன இருக்கிறது? 'அன்ஸ்' என்றால் தெய்வம். வட ஐரோப்பியப் பழங்கதைகளில் ஓடின், தோர் என்ற தெய்வங்கள் எல்லாரையும் 'ஆஸ்' என்று சொல்வார்களே, அதே சொல். 'கார்' என்றால் ஈட்டி. ஓடினின் ஆயுதமும் ஈட்டிதான், குங்னிர் என்று அதற்குப் பெயர்கூட உண்டு. தெய்வம், ஈட்டி, இரண்டும் சேர்ந்தால் வேறென்ன பொருள் வரும்? யோசிக்காமல் வையுங்கள்.

வேர்தேடி எழுதியது:

இரண்டு துண்டுக்கும் வேலடியான் ஐயா சொன்ன பொருள் ஏறக்குறைய சரி. கூட்டல்தான் தப்பு.

பழைய ஜெர்மானியப் பெயர்களில் பெரும்பாலானவை இரண்டு துண்டு ஒட்டியவை. ஆனால் அவை சொற்றொடர் இல்லை. இன்னாருடைய இன்னது என்று பிரித்துப் பொருள் சொல்ல முடியாது. நம்ப முடியவில்லை என்றால் ஹில்டெகுண்ட் என்ற பெயரைப் பாருங்கள். ஹில்ட் என்றால் போர், குண்ட் என்றாலும் போர். 'போரின் போர்' என்று யாராவது பெண்பிள்ளைக்குப் பெயர் வைப்பார்களா? அதையே திருப்பிப் போட்டு குன்ஹில்ட் என்றும் வைத்தார்கள். 6ஆம் நூற்றாண்டில் பிராங்க் அரசி ஒருத்தி பிரெடெகுண்ட்: முதல் துண்டு அமைதி, இரண்டாவது போர்.

அப்புறம் எதற்காக ஒட்டினார்கள்? குடும்ப அடையாளத்துக்கு. இங்கிலாந்தில் வூஸ்டர் ஆயர் வுல்ஃப்ஸ்டன் 1095இல் இறந்தார். அவருடைய அம்மா வுல்ஃப்கிஃபு, அப்பா ஏதெல்ஸ்டன். அம்மா பெயரின் முன்பாதி, அப்பா பெயரின் பின்பாதி. 'ஓநாய்க்கல்' என்று பொருள் பார்த்து வைத்ததில்லை. பழைய ஜெர்மன் வீரப்பாடலான ஹில்டெப்ராண்ட் பாட்டிலும் தாத்தா ஹெரிப்ராண்ட், அப்பா ஹில்டெப்ராண்ட், மகன் ஹாடுப்ராண்ட். மூன்று தலைமுறையும் ஒரே எழுத்தில் தொடங்கி ஒரே வாலில் முடிகிறது. பெயரைக் கேட்டதும் 'ஓ, அந்த வீட்டுப் பிள்ளையா' என்று தெரியவேண்டும், அவ்வளவுதான்.

வேலடியான் எழுதியது:

அப்படியானால் ஊரே காது கேட்காமல் பெயர் வைத்ததா? இன்னொரு வுல்ஃப்ஸ்டன் இருந்தாரே, யார்க் பேராயர், 1023இல் இறந்தவர். அவர் தன் எழுத்துகளில் தன்னை 'லூப்பஸ்' என்று சொல்லிக்கொண்டார். லத்தீனில் ஓநாய். பெயருக்குள் ஓநாய் இருப்பது அவருக்குத் தெரிந்துதானே இருந்தது? இங்கிலாந்து அரசன் ஏதெல்ரெட் கதை இன்னும் வேடிக்கை. பெயருக்குப் பொருள் 'உயர்ந்த ஆலோசனை'. அவனை 'உன்ரேட்' என்று கேலி செய்தார்கள், ஆலோசனையே இல்லாதவன் என்று. பெயரின் பொருள் காதில் விழாமல் அந்தக் கேலி பலிக்குமா?

உங்கள் வுல்ஃப்ஸ்டனை வைத்தே உங்களை மடக்கிவிட்டேன், பார்த்தீர்களா?

வேர்தேடி எழுதியது:

நல்ல அடி, ஒப்புக்கொள்கிறேன். துண்டுகள் காதில் விழுந்தன. ஆனால் பேராயருக்குக் கேட்டது 'ஓநாய்' மட்டும்தான். கல்லை அவர் சேர்க்கவில்லை. துண்டுக்குப் பொருள் உண்டு, முழுப்பெயருக்கு வாக்கியப்பொருள் இல்லை என்கிறேன். இரண்டும் வேறு.

'அன்ஸ்' என்பதற்கும் 'கடவுள்' என்று கண்ணை மூடிக்கொண்டு போட முடியாது. 6ஆம் நூற்றாண்டில் கோத்தியர் என்ற பழைய ஜெர்மானிய இனத்தின் வரலாறு எழுதிய யோர்தானஸ் ஒரு செய்தி தருகிறார். ஒரு பெரிய வெற்றிக்குப் பிறகு கோத்தியர்கள் தங்கள் தலைவர்களை வெறும் மனிதர்களாகக் கருதாமல் பாதித்தெய்வங்களாக, அதாவது 'அன்ஸ்'களாக, அழைத்தார்களாம். அப்படியென்றால் இது தெய்வமாகிவிட்ட முன்னோரைக் குறித்த சொல். கிறிஸ்தவத்துக்குப் பிறகு கடவுளைக் குறிக்க நிலைத்தது 'காட்' என்ற வேறு சொல். காட்ஃபிரீட், காட்வின் எல்லாம் அதிலிருந்து வந்தவை. பழைய உயர்ஜெர்மனில் 'அன்ஸ்' பெயர்களுக்குள்தான் மிஞ்சியிருக்கிறது: அன்செல்ம், அன்ஸ்கார் என்று. தனிச்சொல்லாகக் கிடைப்பதில்லை.

மணியோசை எழுதியது:

இடையில் வருவதற்கு மன்னிக்கவும். பள்ளியில் வரலாறு நடத்தியவள், சும்மா இருக்க முடியவில்லை.

ஈட்டி, ஓநாய் எல்லாம் சரி. ஆனால் இந்தப் பெயர் இன்றுவரை உயிரோடு இருப்பது ஒரே ஒரு ஆளால். அவரைப் பற்றி யாரும் பேசவில்லையே? புனித அன்ஸ்கார் 801இல் பிறந்தவர். பிரான்சில் கோர்பி மடத்துத் துறவி, பிறகு வேசர் ஆற்றங்கரையில் கோர்வை மடத்தில் பாடம் நடத்தினார். 826இல் மைன்ஸில் ஞானஸ்நானம் பெற்ற டேனிஷ் அரசன் ஹரால்டு கிளாக்குடன் வடக்கே போனார். கொஞ்ச காலத்தில் ஸ்வீடனில் பிர்கா துறைமுகம். அப்புறம் ஹாம்பர்கின் ஆயர். 845இல் வைக்கிங்குகள் ஹாம்பர்கை எரித்துவிட்டார்கள், தேவாலயமும் நூல்களும் போயின. பிறகு பிரேமனிலிருந்து வேலையைத் தொடர்ந்தார். 865 பிப்ரவரி 3 அன்று அங்கேயே இறந்தார். 'வடக்கின் அப்போஸ்தலர்' என்பார்கள்.

அவருடைய சீடர் ரிம்பெர்ட் எழுதிய வாழ்க்கை வரலாற்றில் எனக்குப் பிடித்த இடம் ஒன்று. அற்புதங்கள் பற்றிப் பேச்சு வந்தபோது, தகுதி இருந்தால் கடவுளிடம் ஒரே ஒரு அற்புதம் கேட்பேன், என்னை ஒரு நல்ல மனிதனாக ஆக்கட்டும், என்றாராம். வடகடல் தம்பி, உங்கள் பையனின் பெயருக்குப் பொருள் இதுதான். ஹாம்பர்கில் டிராஸ்ட்புரூக்கெ பாலத்தில் அவர் சிலை நிற்கிறது, போய்ப் பாருங்கள். கையில் ஈட்டி இருக்காது.

வேலடியான் எழுதியது:

டீச்சர், நீங்களே எனக்கு வழி விட்டுவிட்டீர்கள். ஓடினையும் தோரையும் கும்பிட்டவர்களை மதம் மாற்றப் போனவர், தன் பெயரிலேயே அந்தத் தெய்வங்களைச் சுமந்துகொண்டு போயிருக்கிறார்! பிர்கா சந்தையில் 'நான் அன்ஸ்கார்' என்று சொன்னபோது அங்கிருந்தவர்களுக்கு என்ன கேட்டிருக்கும்? அவர்கள் ஊரில் ஆஸ்கெய்ர் என்று அதே பெயர் உண்டே.

மணியோசை எழுதியது:

இருக்கட்டும். பெயரை வைத்தது பெற்றோர், வாழ்ந்தது அவர். முத்துசாமி என்று பெயர் வைத்தால் முத்துக் குளிக்கவா போகிறார்?

வேர்தேடி எழுதியது:

டீச்சரின் கட்சியில்தான் நான் முக்கால்வாசி. ஆனாலும் வேலடியான் சொன்னதில் ஒரு சுவை இருக்கிறது, விட மனமில்லை. ரிம்பெர்ட்டின் அதே நூலில் வருவது இது. அன்ஸ்கார் இரண்டாம் முறை பிர்கா போகும்போது, அங்கே ஒருவன் தெய்வங்களின் கூட்டத்தில் இருந்துவிட்டு வந்ததாகச் சொல்லி, ஊராருக்குத் தூது கொண்டுவருகிறான். 'உங்களுக்கு இன்னும் தெய்வம் வேண்டுமென்றால் அந்நியத் தெய்வம் எதற்கு? உங்கள் பழைய அரசன் எரிக்கை எங்களோடு சேர்த்துக்கொள்கிறோம்' என்று. ஊரும் எரிக்குக்குக் கோயில் கட்டிவிட்டது. செத்த அரசன் தெய்வமாகிறான். யோர்தானஸ் சொன்ன 'அன்ஸ்' வேறென்ன? நம் ஊர் நடுகல் தெய்வங்களை நினைத்தால் இது சட்டென்று புரியும்.

கொத்துமல்லி எழுதியது:

எல்லாரும் ஒன்றை மறந்துவிட்டீர்கள். அன்ஸ்காரும் ஆஸ்காரும் ஒன்றுதானே? பேசாமல் ஆஸ்கார் என்று வைத்துவிட்டால் அம்மாவுக்கும் வாயில் நுழையும், பையனுக்கும் விருது கிடைத்த மாதிரி.

வேர்தேடி எழுதியது:

பாதி சரி, கொத்துமல்லி. ஆங்கிலம் பேசியவர்களும் வடகடல் ஓரத்து மற்றவர்களும் 'ஸ்'க்கு முன்னால் வரும் 'ன்'னைக் கைவிட்டு உயிரை நீட்டினார்கள். வாத்துக்கு ஜெர்மனில் கான்ஸ், ஆங்கிலத்தில் கூஸ். 'எங்களை' என்பதற்கு ஜெர்மனில் உன்ஸ், ஆங்கிலத்தில் அஸ். (கான்ஸும் வடமொழி ஹம்சமும் உறவு என்பதையும் சொல்லி வைக்கிறேன்.) அதே வழியில் அன்ஸ் என்பது பழைய ஆங்கிலத்தில் ஓஸ் ஆனது. ஆஸ்வால்ட் என்ற பெயரில் இருப்பது அதுதான். ஆகவே ஓஸ்கார் என்ற பழைய ஆங்கிலப் பெயர் அன்ஸ்காரின் சொந்தத் தம்பி.

ஆனால் இன்று உலகம் அறிந்த ஆஸ்கார் அந்த வழியில் வரவில்லை. அயர்லாந்துக் கதைகளில் ஒஷீனின் மகன் ஆஸ்கார். அங்கே 'மானின் நண்பன்' என்று அயர்லாந்தின் பழைய மொழியான கேலிக்கில் (Gaelic) பொருள் சொல்வார்கள். வைக்கிங்குகளிடமிருந்து வாங்கிய ஆஸ்கெய்ர்தான் அது என்போரும் உண்டு. 1760களில் மேக்ஃபர்சன் வெளியிட்ட ஒசியன் பாடல்கள் (ஒஷீனைத்தான் அவர் ஒசியன் என்றார்) ஐரோப்பா முழுக்கப் பைத்தியம் பிடிக்க வைத்தன. நெப்போலியனுக்கு அந்தப் பித்து அதிகம். பிரெஞ்சுத் தளபதி பெர்னடாட்டுக்கு 1799இல் பிறந்த மகனுக்கு ஞானத்தகப்பன் நெப்போலியன்தான், ஆஸ்கார் என்று பெயர் வந்தது. அந்தப் பெர்னடாட் ஸ்வீடன் அரசரானார், மகன் 1844இல் முதலாம் ஆஸ்கார் ஆனார். பெயர் வடக்கே பரவியது அப்படி. ஆயிரம் ஆண்டுக்கு முன் அன்ஸ்கார் நடந்துபோன அதே நாட்டுக்கு, பாரிஸ் வழியாக, ஒரு கவிதைப் புத்தகத்தில் ஏறி!

கொத்துமல்லி எழுதியது:

அன்ஸ் என்றால் நம் அசுரன் என்றும் படித்தேனே? முருகனின் வேலும் அசுரனும் ஒரே பெயரில் என்றால் வீட்டில் தினமும் சூரசம்ஹாரம்தான்.

வேர்தேடி எழுதியது:

வேதத்து அசுர, ஈரானிய அஹுர ஆகியவற்றோடு அன்ஸைச் சேர்ப்பவர்கள் இருக்கிறார்கள். வேதத்தின் பழைய பகுதியில் அசுர என்பது தலைவன், வருணனையே அப்படிச் சொல்வார்கள், வில்லன் இல்லை. கோத்திய மொழியில் 'அன்ஸ்' என்றால் உத்திரம் என்றும் பொருள். அதனால் மரத்தூணில் செதுக்கிய தெய்வம்தான் மூலம் என்று வாதிடுகிறவர்களும் உண்டு. வழக்கு முடியவில்லை. ஈட்டியில்தான் சந்தேகமே இல்லை. எட்கர், கெர்ஹார்ட், ஹோல்கர் எல்லாவற்றிலும் அதே ஈட்டி. ரோமைச் சூறையாடிய வாண்டல் அரசன் கைசெரிக் பெயரில் அதன் பழைய வடிவம் 'கைஸ்' இருக்கிறது. ஆங்கிலக் கார்லிக்கிலும் அதுதான்: ஈட்டிப்பூண்டு.

வேலடியான் எழுதியது:

பூண்டுவரை வந்துவிட்டோம், கடைசியாக ஒன்று. பழைய ஆங்கில மந்திரம் ஒன்று இருக்கிறது, திடீரென்று குத்துகிற வலிக்கு ஓதுவது. 'வெளியே போ, சிற்றீட்டியே' என்று திரும்பத் திரும்ப வரும். வலிக்குக் காரணம் எல்ஃப்கள் என்ற மாயக் குட்டித்தேவதைகள் எய்ததோ, சூனியக்காரிகள் எய்ததோ, 'ஏஸே' எய்ததோ என்று கேட்கும். 'ஏஸே' என்பது உங்கள் 'ஓஸ்'இன் பன்மை. தெய்வமும் ஈட்டியும் ஒரே பாட்டில்! இரண்டையும் சேர்த்து நினைத்த ஜனங்கள்தான் அவர்கள். வாக்கியம் இல்லை, வாக்கியம் இல்லை என்று எவ்வளவு சொன்னாலும் அந்தக் காதுகளில் பொறி தட்டியிருக்கும்.

வேர்தேடி எழுதியது:

மந்திரத்தை மறந்திருந்தேன். அருமையான எடுத்துக்காட்டு. ஆனால் அங்கே ஏஸே எய்தால் மனிதனுக்கு வலி. அப்படிப் பார்த்தால் அன்ஸ்காருக்குப் பொருள் 'மூட்டுப்பிடிப்பு'.

வடகடல் எழுதியது:

இவ்வளவு வரும் என்று நினைக்கவில்லை, எல்லாருக்கும் நன்றி. நேற்று மாமனாரிடம் நேராகவே கேட்டுவிட்டேன், உங்கள் அப்பாவுக்கு ஏன் அந்தப் பெயர் என்று. ஆஸ்னப்ரூக் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பம் அவர்களுடையது. ஈட்டியும் தெரியாது, கோத்தியரும் தெரியாது. 'அப்பா பிறந்தது பிப்ரவரி 3' என்றார். நாள்காட்டியைப் பார்த்து வைத்திருக்கிறார்கள்.

மணியோசை எழுதியது:

பார்த்தீர்களா! நான் சொன்ன புனிதரின் நாள்தான்.

வேலடியான் எழுதியது:

டீச்சர், அதே பிப்ரவரி 3 புனித பிளாசியஸுக்கும் திருநாள். பிளாசியஸ் என்று பெயர் விழாமல் பெரியவர் பிழைத்தார்.

வடகடல் எழுதியது:

மனைவியிடம் படித்துக் காட்டினேன். அன்ஸ்கார் என்றே பதியப்போகிறோம். அம்மா இப்போதே வேலு என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டார்.