கேமரா வைத்ததும் பிள்ளைகள் பேச்சுப்போட்டிக்குப் போய்விடுகிறார்கள், என்ன செய்யலாம்?

பேராவூரணி_பையன்:
எல்லோருக்கும் வணக்கம். 2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் அடித்தபோது பள்ளிக்கூடப் பிள்ளைகளாக இருந்தவர்கள் இப்போது என்ன ஆனார்கள் என்று 20 நிமிட ஆவணப்படம் ஒன்று எடுத்துக்கொண்டிருக்கிறேன். பேராவூரணி, பட்டுக்கோட்டைப் பக்கத்துத் தென்னந்தோப்பு வீட்டுப் பிள்ளைகள். அன்றைக்குப் பத்துப் பன்னிரண்டு வயது, இன்றைக்குக் கல்லூரி அல்லது வேலை. சும்மா உட்கார்ந்து பேசினால் அருமையாகப் பேசுகிறார்கள். கேமராவை ஆன் செய்ததும் "பருவநிலை மாற்றம் மனிதகுலம் சந்திக்கும் மாபெரும் சவால்" என்று ஆரம்பித்துவிடுகிறார்கள். ஒரு பெண் முடிக்கும்போது "நன்றி, வணக்கம்" என்றே சொல்லிவிட்டாள். கேள்வியை எப்படி மாற்றுவது? இன்னொன்று, தோப்பில் காற்றும் ஓலைச் சத்தமும் சேர்ந்து காலர் மைக்கில் பாதிப் பேச்சு வீணாகிறது.

வெட்டு_ஒட்டு:
தம்பி, நான் எடிட்டர். இந்த மாதிரி ஃபுட்டேஜ் என்னிடம் நிறைய வரும். நீங்கள் கேட்ட கேள்வியை எழுதவில்லை, ஆனால் "பருவநிலை மாற்றம் உங்களை எப்படிப் பாதித்தது?" என்றுதான் கேட்டிருப்பீர்கள். அதற்கு அந்தப் பதில்தான் வரும். பள்ளிக்கூடத்தில் அதற்கு மார்க் போட்டிருக்கிறார்களே.

அந்தச் சொல்லைப் படப்பிடிப்பில் வாயிலேயே எடுக்காதீர்கள். புயல் ஓய்ந்ததும் கதவைத் திறந்து முதலில் வெளியே போனது யார்? கரண்ட் வரும்வரை செல்போனுக்கு எங்கே சார்ஜ் போட்டீர்கள்? விழுந்த மரத்தை யார் அறுத்தார்கள், கூலி எவ்வளவு கேட்டார்கள்? இப்படிக் கேட்டால் மனிதகுலம் எட்டிப் பார்க்காது.

உட்கார வைத்து எடுக்கும் பேட்டியையும் குறையுங்கள். தோப்புக்குள் நடக்கவிட்டு, எது பழைய மரம், எது புயலுக்கு அப்புறம் வைத்தது என்று காட்டச் சொல்லுங்கள். நெட்டை ரகம் காய்ப்புக்கு வர ஆறேழு வருஷம் ஆகும். 2019இல் வைத்த கன்று இப்போதுதான் பாளை விட்டிருக்கும். அதுவரை அந்த வீடு எதை வைத்து ஓடியது? எனக்குத் தெரிந்து உங்கள் படத்துக்கு இதைவிடப் பெரிய விஷயம் கிடையாது. தேங்காய் வெட்டுக்கு வெட்டு கையில் வந்த காசு ஒரே ராத்திரியில் நின்றுபோனது. அந்த ஏழு வருஷத்துக்குள்தான் பையன் பத்தாவது முடித்ததும், பன்னிரண்டாவது முடித்ததும், காலேஜ் ஃபீஸ் கட்டியதும். அண்ணன் சிங்கப்பூர் போனானா, அக்காவுக்கு நர்சிங் சீட் வேண்டாம் என்றார்களா, நகை அடகிலிருந்து திரும்பியதா? கணக்கைக் கேளுங்கள். கணக்குச் சொல்கிற யாரும் மேடைப்பேச்சு பேசி நான் பார்த்ததில்லை.

ட்ரோனில் வெடித்த நிலம், பின்னால் வயலின்: கெஞ்சிக் கேட்கிறேன், வேண்டாம்.

18 முடியாத பிள்ளை இருந்தால் பெற்றோரிடம் எழுத்தில் சம்மதம் வாங்குங்கள். கடன் விவரம் வந்தால், பிள்ளைக்கு எத்தனை வயதானாலும் அப்பாவிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். படம் வந்த பிறகும் அவர் அதே டீக்கடைக்குத்தான் போக வேண்டும்.

புவியியல்_வாத்தியார்:
குறுக்கே வருகிறேன். "கஜா பருவநிலை மாற்றத்தால் வந்தது" என்று வர்ணனையில் போட்டுவிடாதீர்கள். 1952இலும் 1977இலும் நாகப்பட்டினம் கரையில் பெரும்புயல் அடித்திருக்கிறது, ஊர்ப் பெரியவர்கள் சிரிப்பார்கள். தனியாக ஒரு புயலைப் பிடித்து இதற்கு அதுதான் காரணம் என்று அவ்வளவு எளிதில் சொல்ல முடியாது. புயலுக்குத் தீனி வெதுவெதுப்பான கடல்நீர், சுமார் 26, 27 டிகிரிக்கு மேல். அந்தக் கடல் சூடேறிக்கொண்டே வருகிறது. காற்று ஒரு டிகிரி சூடானால் சுமார் 7 சதவீதம் கூடுதல் ஈரம் பிடிக்கும், மழையும் அதற்கேற்பக் கொட்டும். கடல்மட்டம் ஏறியிருப்பதால் புயலோடு வரும் தண்ணீர் இன்னும் உள்ளே வரும். இவ்வளவு சொன்னால் போதும், யாரும் மறுக்க முடியாது. 77ஐப் பார்த்த தாத்தாவையும் கஜாவைப் பார்த்த பேத்தியையும் சேர்த்து உட்கார வைத்துப் பேசவிடுங்களேன்.

சவுண்டு_சேகரன்:
மைக்குக்கு ரோம உறை போடுங்கள், கடையில் டெட்கேட் என்று கேட்டால் கொடுப்பார்கள். காற்றின் உறுமல் மாதிரித் தாழ்ந்த சத்தத்தைக் குறைக்கும் லோ கட் வசதியை ஆன் செய்யுங்கள். காற்று அடங்கியிருக்கும் விடியற்காலையில் எடுங்கள். ஓலைச் சத்தத்தை மட்டும் தனியாகக் கொஞ்ச நேரம் பதிவு செய்து வைத்தால் எடிட்டில் ஒட்டுப்போட உதவும்.

பேராவூரணி_பையன்:
ரொம்ப நன்றி. எடிட்டர் அண்ணா, ஒரு சந்தேகம். இருப்பதிலேயே நன்றாகப் பேசுகிற பையன் இப்போது திருப்பூரில் பனியன் கம்பெனி வேலையில் இருக்கிறான். தோப்புப் பக்கமே வருவதில்லை. அவனைப் படத்தில் வைக்கலாமா?

வெட்டு_ஒட்டு:
வைக்கலாமாவா? அவனிடமிருந்துதான் ஆரம்பிக்கவே வேண்டும். கம்பெனிக்குள் கேமராவை விடமாட்டார்கள், ஷிஃப்ட் முடிந்து அறைக்கு வந்ததும் எடுங்கள். வீட்டுக்குப் போன் போடும்போது "காய் என்ன விலை போகுது?" என்று கேட்கிறானா பாருங்கள். நீங்களாகக் கேட்கச் சொல்லாதீர்கள். அப்புறம், அன்றன்றைக்கு ராத்திரியே மெமரி கார்டை இரண்டு ஹார்ட் டிஸ்கில் காப்பி போட்டு, ஒன்றை வேறு ஆளிடம் கொடுத்து வையுங்கள்.