போலீஸ் பாதுகாப்பு கேட்டு ஹைகோர்ட்டுக்குப் போன அனுபவம்: நீங்களும் எழுதுங்கள்

வரப்புத் தகராறில் என் அப்பாவைக் கையில் வெட்டிவிட்டார்கள். நேரில் பார்த்த ஒரே சாட்சி என் தம்பி. கைதானவர்கள் ஜாமீனில் வந்த மறுநாளே எங்கள் வாசலில் பைக்கை நிறுத்தி ஆக்ஸிலேட்டரை முறுக்கினார்கள். "கோர்ட்டுக்கு வந்து பாரு" என்று தம்பியிடம் சொல்லிவிட்டுப் போனார்கள். ஸ்டேஷனில் மனுவை வாங்கிக்கொண்டார்கள், ரசீது தரவில்லை. நாலு தடவை நடந்தோம்.

வக்கீல் கேட்ட முதல் கேள்வியே, "எஸ்.பி.க்கு எழுதினதுக்கு அத்தாட்சி இருக்கா?" என்பதுதான். இல்லை. அன்று ராத்திரியே உட்கார்ந்து எழுதினேன். ஆறு இடத்தில் "உயிருக்கு ஆபத்து" என்று போட்டிருந்தேன். அவர் அத்தனையையும் அடித்துவிட்டு, தேதி, மணி, வண்டி நம்பர், அவன் சொன்ன வார்த்தை, அப்போது பக்கத்தில் நின்றவர் யார், இதை மட்டும் எழுதச் சொன்னார். பதிவுத் தபாலில் அனுப்பினோம். முத்திரையோடு திரும்பி வந்த ஒப்புகை அட்டையை வைத்துத்தான் அரசியலமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின் கீழ் ஹைகோர்ட் மதுரைக் கிளையில் ரிட் மனு போட முடிந்தது.

விசாரணை ஐந்து நிமிடம்கூட இல்லை. மிரட்டல் உண்மையா என்று விசாரித்து, சட்டப்படி நடவடிக்கை எடுக்கும்படி போலீசுக்கு உத்தரவு. வாசலில் துப்பாக்கியோடு ஆள் நிற்கும் என்று நம்பியிருந்த அம்மாவுக்குப் பெரிய ஏமாற்றம். ஆனால் அந்த வாரமே டி.எஸ்.பி. ஆபீஸிலிருந்து வந்து விசாரித்தார்கள். அப்புறம் ரோந்து வந்தது. ரோந்து வரும் போலீஸ்காரர் நேரம் போட்டுக் கையெழுத்திடும் பட்டா புத்தகம் ஒன்றைக் கேட்டில் தொங்கவிட்டார்கள். ராத்திரி 1.40, ஒரு கையெழுத்து. 3.15, இன்னொன்று. விடிந்ததும் அம்மா கோலம் போடுவதற்கு முன்னால் அதைத்தான் திறந்து பார்ப்பார். பைக் சத்தம் நின்றுவிட்டது.

*

மேலே எழுதிய தங்கச்சிக்கு: உங்கள் தம்பி சாட்சி சொல்லும் நாள் நெருங்கும்போது சாட்சிகள் பாதுகாப்புத் திட்டத்தையும் வக்கீலிடம் கேளுங்கள். மகேந்தர் சாவ்லா வழக்கில் 2018 டிசம்பர் 5 அன்று உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட திட்டம். மாவட்ட நீதிபதி தலைமையிலான குழுவுக்கு விண்ணப்பம் போகும். டி.எஸ்.பி. ஐந்து வேலை நாளில் அறிக்கை தர வேண்டும். ஒரு தடவைக்கு மூன்று மாதம் வரை பாதுகாப்பு. செலவுக்குத் தனி நிதி உண்டு. என் அக்கா சாட்சி சொன்ன அன்று இரண்டு பெண் காவலர்கள் கூடவே வந்தார்கள். கோர்ட் வராந்தாவில் எதிரிகள் நின்ற இடத்தைக் கடக்கும்போது அக்கா என் கையை விடவே இல்லை. கூண்டில் ஏறியதும் குரல் தெளிவாக வந்தது. இன்னொன்று, பொய்ச்சாட்சி சொல்லும்படி மிரட்டுவதே தனிக் குற்றம். பழைய இ.பி.கோ. 195-ஏ, இப்போது அதற்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சம்ஹிதை (பி.என்.எஸ்.) 232. ஜாமீனை ரத்து செய்யவும் கேட்கலாம்.

*

நானும் பாதுகாப்பு கேட்டு ஹைகோர்ட்டுக்குப் போனவன்தான், ஆனால் என் மனு தள்ளுபடி ஆனது. எழுதவே வேதனையாக இருக்கிறது. எதிர்த்தரப்பு என் மேலும் ஒரு புகார் கொடுத்து எஃப்.ஐ.ஆர். ஆகியிருந்தது. அது பொய்க் கேஸ்தானே என்று மனுவில் சொல்லாமல் விட்டுவிட்டேன். அரசு வக்கீல் எழுந்து அந்தக் குற்ற எண்ணை வாசித்தார். நீதிபதி என் வக்கீலைப் பார்த்தார், அவர் என்னைப் பார்த்தார். அதோடு சரி. அதன்பின் இரண்டு மாதம் பிள்ளைகளை மாமியார் வீட்டில் வைத்திருந்தேன். மறுபடி மிரட்டல் வந்தபோது புதிதாக மனு போட்டோம். முதல் பத்தியிலேயே அந்த எண்ணை எழுதச் சொன்னேன்.