ஷீலாவைத் திரையில் சந்தித்தவர்கள்: உங்கள் அனுபவம் என்ன?

மார்த்தாண்டத்திலிருந்து:
எங்கள் பக்கத்துத் திரையரங்குகளில் மலையாளப் படங்களும் வழக்கமாக ஓடும் என்பதால், ஷீலா எங்களுக்கு அயலூர் நடிகை அல்லர். மழைக்கோடு விழுந்த பழைய பிரதியில்தான் 'செம்மீன்' பார்த்தேன். 1965-இல் ராமு காரியத் இயக்கியது. குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்ற முதல் தென்னிந்தியப் படம். எல்லாரும் மன்னா டே பாடிய பாட்டையும் மார்கஸ் பார்ட்லி ஒளிப்பதிவில் வரும் கடலையும் சொல்வார்கள். நான் ஷீலாவின் கருத்தம்மாவைச் சொல்வேன். மனைவி கருத்தம்மாவின் பழைய காதலைப் பற்றிய ஊர்ப்பேச்சால் மீனவன் பழனியைத் தங்களோடு கடலுக்கு அழைத்துப்போகக் கூட்டாளிகள் மறுக்கிறார்கள். பழனியாக வரும் சத்யனுக்குக் கொதிக்க இடமிருக்கிறது. ஷீலாவுக்கு அதுவும் இல்லை. தவறு செய்யவில்லை, செய்யவில்லை என்று முழு மனத்தோடு சொல்லவும் முடியவில்லை. அந்த இரண்டுங்கெட்ட நிலையை வசனமில்லாமல் முகத்திலேயே வைத்திருந்தார். வெளியே வந்த பிறகும் என் நண்பர்கள் சத்யனைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தது எனக்கு எரிச்சலாக இருந்தது.

கோவையிலிருந்து:
எனக்கு அறிமுகம் 2005-இல், 'சந்திரமுகி'யின் அகிலாண்டேஸ்வரியாக. படம் முழுக்க முறைத்துக்கொண்டே இருந்த அந்த அம்மாளைப் பார்த்து, "இது நம்ம செம்மீன் ஷீலா அல்லவா!" என்று பக்கத்து இருக்கையிலிருந்த பாலக்காட்டு மாமி கூவிவிட்டார். ஷீலா தொடங்கியதே தமிழில், 1962-இல் எம்.ஜி.ஆரின் 'பாசம்' படத்தில் என்பது பிறகுதான் தெரிந்தது.

திருச்சூரில் பணிபுரியும் தமிழன்:
இங்கே ஷீலா பெயரை எடுத்தாலே பிரேம் நசீரோடு ஜோடி சேர்ந்த நூற்றுக்கும் மேற்பட்ட படங்களின் கணக்குக்குப் போய்விடுகிறார்கள். எனக்கு அந்தக் கணக்கில் ஆர்வமில்லை. அலுவலக நண்பர் வற்புறுத்திப் பார்க்கவைத்த 'கள்ளிச்செல்லம்மா'வில் நசீரும் உண்டு, நடிகர் மதுவும் உண்டு. ஆனால் ஊரில் தனியாக வாழும் வாய்த்துடுக்கான பெண்ணாகப் படத்தைத் தோளில் சுமப்பவர் ஷீலாதான். கேரள அரசின் திரைப்பட விருதுகள் 1969-இல் தொடங்கியபோது முதல் சிறந்த நடிகை விருது இதற்குத்தான் போனது.

மேலே 'சந்திரமுகி' பற்றி எழுதியவருக்கு ஒரு செய்தி. ஷீலா 1976-இல் 'யட்சகானம்' என்ற பேய்ப்படத்தை இயக்கினார். அதன் தமிழ் வடிவம்தான் ரஜினி நடித்த 'ஆயிரம் ஜென்மங்கள்'. அதாவது, அவர் இயக்கிய கதையில் ரஜினி நடித்து ஏறத்தாழ கால் நூற்றாண்டு கழித்துத்தான் ரஜினியோடு அந்த இன்னொரு பேய்வீட்டுக்குள் வருகிறார்! நடிகைகள் இயக்குநர் நாற்காலியில் அமர்வது அரிதாக இருந்த காலத்தில் செய்த வேலை, நம் ஊரில் யாரும் இதைப் பேசுவதில்லை.

மார்த்தாண்டத்திலிருந்து மீண்டும்:
'மனசினக்கரே'யை விட்டுவிட்டீர்களே! இருபதாண்டுகளுக்கும் மேலாக ஒதுங்கியிருந்தவர் 2003-இல் சத்யன் அந்திக்காட்டின் படத்தில் கொச்சுத்திரேசியாவாகத் திரும்பினார். நயன்தாராவுக்கு அதுதான் முதல் படம். நானும் மனைவியும் போனோம். அவள் நயன்தாராவைக் கவனிக்கவே இல்லை. ஷீலா இயக்கிய மற்றொரு படமான 'சிகரங்கள்' நல்ல பிரதியாக எங்காவது கிடைத்தால் யாராவது சொல்லுங்கள்.