அட்டை ராக்கெட், ஜிகினா உடை: உங்கள் மனதில் நின்ற விண்வெளிப் படம் எது?

அல்சூர்வாசி

கோடை விடுமுறையில் என் தங்கை மகள் பத்து நாள் எங்கள் வீட்டில் இருந்தாள். நான்காம் வகுப்பு போகப்போகிறாள். ஒரு நாள் மதியம் பவர் கட் முடிந்து கரண்ட் வந்ததும் என் அப்பா டிவியில் யூடியூபைப் போட்டு, ‘கலை அரசி’யைத் தேடி எடுத்தார். 1963ல் வந்த படம். எம்.ஜி.ஆர்., பானுமதி. வேற்றுக் கிரகத்தில் அறிவியல் எல்லாம் பிரமாதமாக வளர்ந்திருக்கிறது, ஆனால் கலை இல்லை. பாட்டும் ஆட்டமும் கற்றுக்கொடுக்க ஆள் வேண்டும் என்று பூமிக்கு வந்து பானுமதியைத் தூக்கிக்கொண்டு போகிறார்கள். தூக்கிப் போகிறவர் நம்பியார்.

குழந்தைக்கு இது பிடிக்காது, ஐந்து நிமிடத்தில் மொபைல் கேட்பாள் என்றுதான் நினைத்தேன். பறக்கும் தட்டு வந்த இடத்தில் அவள் எழுந்து டிவி பக்கத்தில் போய் நின்றாள். “தாத்தா, மறுபடி போடு” என்றாள். இரண்டாம் முறை பார்த்துவிட்டு, “இதை எப்படி எடுத்தாங்க?” என்று கேட்டாள்.

இந்தக் கேள்விதான் என்னை உலுக்கியது. இப்போது வருகிற சூப்பர் ஹீரோ படங்களை அவளோடு மாலில் எத்தனையோ பார்த்திருக்கிறேன். ஊரே இடிந்து விழும், கடல் எழுந்து நிற்கும். ஒரு தடவைகூட அவள் இப்படிக் கேட்டதில்லை. கேட்டால் ‘கம்ப்யூட்டர்’ என்று ஒரே வார்த்தையில் பதில் வரும் என்று அவளுக்குத் தெரியும்.

அன்று சாயங்காலம் சமையலறையில் இருந்து இரண்டு எவர்சில்வர் தட்டு காணாமல் போனது. ஒன்றின் மேல் ஒன்றைக் கவிழ்த்து, செலோடேப் ஒட்டி, என் தையல் மெஷின் நூலில் கட்டி, கொசுவலை ஆணியில் தொங்கவிட்டிருந்தாள். தாத்தா டார்ச் அடிக்க, இவள் மொபைலில் படம் பிடித்தாள். அதில் நூல் தெரிகிறது. தாத்தாவின் விரலும் தெரிகிறது. நான் இருபது தடவையாவது பார்த்திருப்பேன்.

இப்படிப்பட்ட படங்களோடு உங்களுக்கு என்ன அனுபவம்? எழுதுங்கள்.

பீன்யா பட்டறை

அக்கா, நூல் தெரிகிறது என்று எழுதினீர்களே, அதற்காகவே பதில் எழுதுகிறேன். முப்பது வருடம் லேத்தில் நின்றவன் நான்.

1936ல் வந்த ஃப்ளாஷ் கார்டன் என்ற அமெரிக்க விண்வெளிச் சினிமாத் தொடரை ஒரு நண்பர் சிடியில் கொடுத்தார். பதின்மூன்று பகுதி. பழைய பேய்ப் படங்களுக்குப் போட்ட செட்டையே மாற்றி வைத்து எடுத்திருக்கிறார்கள். ராக்கெட் போகும்போது வாலில் பொறி பறக்கும், புகை வரும். அந்தப் புகை பின்னால் போகாமல் நேராக மேலே எழும்பும். ஏனென்றால் அது கம்பியில் தொங்குகிற ஒரு சின்ன பொம்மை, உள்ளே பட்டாசு மருந்து மாதிரி ஏதோ எரிகிறது. முதல் தடவை பார்த்தபோது என் கை தானாக அளவு எடுத்தது: இவ்வளவு நீளம் இருக்கும், இந்த இடத்தில் பற்றவைத்திருப்பார்கள், இங்கே துளை போட்டிருப்பார்கள். எவனோ ஒருவன் மேஜைமேல் குனிந்து உட்கார்ந்து அதைச் செய்திருக்கிறான் இல்லையா? அவனும் என் ஜாதி, பட்டறை ஜாதி.

இன்னொன்று சொல்ல வேண்டும். பெங்களூரில் எங்கள் பீன்யா தொழிற்பேட்டை ஷெட்டுகளில்தான் இந்தியாவின் முதல் செயற்கைக்கோளான ஆரியபட்டாவைச் செய்தார்கள். 1975ல் அது வானத்துக்குப் போனது. 1981ல் ஆப்பிள் செயற்கைக்கோளை மாட்டு வண்டியில் ஏற்றி ஆன்டெனா சோதனை செய்தார்கள். உலோகம் பக்கத்தில் இருந்தால் சிக்னல் கெடும், அதனால் மர வண்டி. 1963ல், நீங்கள் சொன்ன படம் வந்த அதே வருடம், கேரளாவில் தும்பாவில் இருந்து நம் நாட்டின் முதல் ராக்கெட்டை விட்டார்கள். பாகங்களைச் சைக்கிளில் கொண்டுபோன போட்டோவை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். அந்த போட்டோவை ஒரு சினிமாவில் வைத்திருந்தால் ‘காதில் பூ சுற்றுகிறார்கள்’ என்றுதான் சொல்லியிருப்போம். நிஜ ராக்கெட்டே அப்படித்தான் கிளம்பியது. அதனால் அட்டை ராக்கெட்டைப் பார்த்து யாராவது சிரித்தால் எனக்குக் கோபம் வரும்.

ஜாலஹள்ளி

சுருக்கமாக என்னுடையது. 1986, ‘விக்ரம்’. அக்னிபுத்திரன் ஏவுகணை திருட்டுப் போகிறது, கமல் அதைத் தேடி சலாமியா என்ற நாட்டுக்குப் போகிறார், அங்கே ராஜா அம்ஜத் கான். பாதி படம் கம்ப்யூட்டர், பாதி படம் ராஜா ராணிக் கதை. எனக்குப் பன்னிரண்டு வயது, இரண்டும் சேர்ந்து கிடைத்ததில் தலைகால் புரியவில்லை. எழுதியவர் சுஜாதா என்பதில் எங்கள் காலனியில் தனிப் பெருமை. அவர் எங்கள் பிஇஎல்லில், அதாவது பாரத் எலக்ட்ரானிக்ஸில், வேலை பார்த்தவர், வாக்குப்பதிவு இயந்திரம் உருவானதில் பங்கு உள்ளவர். ‘நம்ம ஃபேக்டரி ஆள் ஏவுகணைக் கதை எழுதியிருக்கிறார்’ என்று அப்பா ஷிஃப்ட் முடிந்து வந்து எங்களை அழைத்துப் போனார். அப்பா எங்களோடு தியேட்டருக்கு வந்த ஒரே படம் அது.

ரோட்டோ தம்பி

அக்கா, மன்னிக்கவும், ஒரு இடத்தில் மட்டும் ஒத்துக்கொள்ள முடியவில்லை. ‘கம்ப்யூட்டர்’ என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டீர்கள். நான் இங்கே சினிமாவுக்குக் கம்ப்யூட்டரில் காட்சி ஜாலம் சேர்க்கிற ஒரு விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோவில் ரோட்டோ வேலை செய்கிறேன். நடிகரின் உருவத்தை ஒவ்வொரு ஃப்ரேமிலும் கோடு போட்டுப் பிரித்து எடுக்க வேண்டும். ஒரு நொடிக்கு 24 ஃப்ரேம். காற்றில் பறக்கிற கூந்தல் வந்துவிட்டால் ஒரு ஷாட்டோடு வாரக்கணக்கில் உட்கார்ந்திருப்பேன். அதுவும் கை வேலைதான். ஒரே வித்தியாசம், நான் சரியாகச் செய்தால் என் கை எங்கேயும் தெரியக் கூடாது.

அதனாலேயே என்னவோ, பழைய படங்கள்மேல் எனக்குப் பைத்தியம். ‘காடு’ தெரியுமா? 1952. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர்.சுந்தரமும் அமெரிக்காக்காரர்களும் சேர்ந்து எடுத்தது; இங்கிலீஷில் ‘தி ஜங்கிள்’. கதைக்கு மாமத் வேண்டும், அதாவது ஆதிகாலத்து ரோமயானை. சேலத்தில் மாமத்துக்கு எங்கே போவது? நம் யானைகளுக்கே ரோமத்தைப் போர்த்தி நடக்கவிட்டார்கள். ஒரு துண்டுக் காட்சியை இரவு ஷிஃப்ட்டில் டீமோடு பார்த்தோம். ஒருவரும் பேசவில்லை. அப்புறம் எங்கள் லீட், “ரோமத்தோட அசைவு கரெக்டா இருக்கு பாரு” என்றார். ஆமாம், கரெக்டாகத்தான் இருக்கும். உள்ளே இருப்பது உயிருள்ள யானை. நாங்கள் அந்த அசைவுக்காக எவ்வளவு பாடுபடுகிறோம் என்று எங்களுக்குத்தான் தெரியும்.

1954ல் ஜப்பானில் காட்ஜில்லாவுக்கும் இதே கதைதான். பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி எடுக்க நேரமும் பணமும் போதவில்லை, ஒரு ஆளுக்கு ரப்பர் உடை மாட்டி, குட்டி டோக்கியோவை மிதிக்கவிட்டார்கள். அந்த உடையின் கனத்தில் அவர் தடுமாறி நடந்த நடையைத்தான் இன்றுவரை எல்லோரும் காட்ஜில்லா நடை என்கிறோம்.

அல்சூர்வாசி

தம்பி, நீங்கள் சொல்வது சரி. நான் அவசரப்பட்டு எழுதிவிட்டேன். உங்கள் வேலையை அவளுக்குக் காட்டுகிறேன், ஒரு வீடியோ இருந்தால் அனுப்புங்கள்.

தங்கவயல் ரயில்

நான் கேஜிஎஃப். மாரிகுப்பத்தில் இருந்து பெங்களூருக்கு ரயிலில் வந்து வேலை பார்த்த காலம். சம்பள நாளில் எம்.ஜி. ரோடு பக்கம் ஒரு இங்கிலீஷ் படம் பார்த்துவிட்டுக் கடைசி வண்டியைப் பிடிப்போம். 1980ல் எடுத்த ‘ஃப்ளாஷ் கார்டன்’ அப்படித்தான் பார்த்தேன். அன்று எனக்கு இங்கிலீஷ் அரைகுறை. வசனம் கால்வாசிகூடப் புரியவில்லை. ஆனால் சிவப்பும் தங்கமுமாக அந்த அரண்மனையும், வானமே கலர் கலராகக் கொதிப்பதும், க்வீன் குழுவின் பாட்டு இடிமாதிரி இறங்குவதும் புரிய எந்த மொழி வேண்டும்? விட்டலாச்சார்யாவின் மாயாஜாலப் படம் பார்த்து வளர்ந்தவன் நான். வில்லன் மிங் சக்கரவர்த்தி வந்து நின்றதுமே, ‘இவன் நம்ம ஊர் மந்திரவாதி’ என்று அடையாளம் தெரிந்துவிட்டது.

மிங்காக நடித்தவர் மேக்ஸ் வான் சிடோ. ஸ்வீடன் இயக்குநர் பெர்க்மன் படத்தில் மரணத்தோடு செஸ் ஆடும் வீரனாக நடித்தவரும் அவர்தான் என்று பல வருடம் கழித்துத் தெரிந்துகொண்டேன். அந்தப் படத்துக்குக் கொடுத்த அதே உழைப்பை இந்த ஜிகினா உடைக்கும் கொடுத்திருக்கிறார். ஒரு இடத்திலும் ‘இதெல்லாம் சும்மா’ என்று கண் சிமிட்டவில்லை. எனக்கு இந்தப் படங்கள் பிடிப்பதற்குக் காரணமே இதுதான். செட் அட்டையாக இருக்கலாம், நடிப்பவர் அட்டையாக இருக்கக் கூடாது. அலட்சியமாக நடித்திருந்தால் நான் அன்றே பாதியில் எழுந்து ரயிலுக்குப் போயிருப்பேன்.

ஸ்டார் வார்ஸ் இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் முதலில் எடுக்க ஆசைப்பட்டது இந்த ஃப்ளாஷ் கார்டனைத்தான். உரிமை கிடைக்கவில்லை. அதனால் சொந்தமாக ஒரு கதை எழுதினார், 1977ல் ஸ்டார் வார்ஸ் வந்தது. பீன்யா அண்ணா சொன்ன அந்தப் புகைவிடும் பொம்மையில் இருந்து எவ்வளவு தூரம் வந்திருக்கிறது பாருங்கள்.

தம்பி, ‘காடு’ படத்தில் நடித்த சீசர் ரொமேரோதான் 1966 பேட்மேன் தொடரில் ஜோக்கர். மீசையை எடுக்க மாட்டேன் என்று அவர் சொல்லிவிட்டதால் மீசைமேலேயே வெள்ளைப் பூச்சு அடித்தார்கள். கிட்டத்தில் காட்டும்போது பாருங்கள், தெரியும்.

ரோட்டோ தம்பி

பார்த்துவிட்டேன் அண்ணா! தெரிகிறது! இன்று ஆபீஸில் எல்லோருக்கும் ஃப்ரேமை நிறுத்திக் காட்டினேன்.

பீன்யா பட்டறை

அக்கா, பாப்பாவுக்கு நூல் வேண்டாம் என்று சொல்லுங்கள். மெல்லிய நைலான் இழை, தூண்டில் போடுகிறவர்கள் வைத்திருப்பது, சிவாஜி நகரில் கிடைக்கும். இரண்டு இழையில் கட்டினால் தட்டு சுற்றாது. டார்ச்சைப் பக்கவாட்டில் இருந்து அடிக்கச் சொல்லுங்கள், இழை மறைந்துவிடும்.

அல்சூர்வாசி

சொன்னேன் அண்ணா. சுற்றட்டும், அதுதான் அழகு என்கிறாள். நூலும் இருக்கட்டுமாம். இழை விஷயத்தை மட்டும் தாத்தா குறித்து வைத்திருக்கிறார்.

யானைக்கு ரோமம் போர்த்திய கதையைப் படித்துக் காட்டியதில் இருந்து வீட்டில் வேறு வேலை நடக்கவில்லை. தாத்தாவின் பழைய பழுப்பு ஸ்வெட்டர் எடுத்தாகிவிட்டது, சோஃபா திண்டுக்கு மாட்டியும் ஆகிவிட்டது. தும்பிக்கைக்கு ஒரு கை சரியாக வருகிறது. தந்தத்துக்கு முருங்கைக்காய் வேண்டுமாம், நாளைக்கு மார்க்கெட் போக வேண்டும்.